ஏழு மணி ஆட்டத்துக்கு எத்தனை மணிக்குக் கிளம்புவது?

அமெரிக்கக் கல்லூரிக் கூடைப்பந்து ஆட்டத்தின் டிக்கெட்டில் இரவு 7.00 மணி என்று போட்டிருந்தால், அது யாருக்குச் சொன்ன நேரம் என்று முதலில் விசாரிக்க வேண்டும். ஆட்டக்காரர்களுக்குச் சொன்னது இல்லை. தொலைக்காட்சியில் காட்டுகிற ஆட்டம் என்றால் விளம்பரம், முன்னுரை எல்லாம் முடிந்து நடுவர் பந்தை மேலே தூக்கிப் போட இன்னும் சில நிமிடம் ஆகும். டிக்கெட் வாங்கியவருக்குச் சொன்னதும் இல்லை. 7.00 மணிக்கு வாசலில் நிற்பவர் பையைக் காட்டி, போனைக் காட்டி, படியேறி, "எக்ஸ்கியூஸ் மீ" சொல்லிச் சொல்லிப் பன்னிரண்டு முழங்கால்களைத் தாண்டி உட்காரும்போது ஆட்டத்தில் ஒரு பங்கு காணாமல் போயிருக்கும். யோசித்துப் பார்த்தால் அந்த 7.00 மணி வீட்டு சோபாவில் சாய்ந்திருக்கிறவருக்காக அச்சிட்டது. நேரத்துக்கு வந்து சேருகிற ஒரே ஆள் அவர்தான். நேரில் போகிறவர்களில் இரண்டே ஜாதி: முன்கூட்டியே வந்தவர்கள், தாமதமாக வந்தவர்கள். நடுவில் 'சரியான நேரம்' என்று ஒன்று கிடையாது என்பது என் கட்சி. மதியமே சட்டையை மாட்டிக்கொண்டு "கிளம்பலாமா, கிளம்பலாமா" என்று வாசலுக்கும் கூடத்துக்கும் நடக்கிற அப்பாக்களை உலகம் பல விஷயங்களில் கேலி செய்யலாம். இந்த விஷயத்தில் மட்டும் நியாயம் அவர்கள் பக்கம்.

கிரிக்கெட்டில் முதல் நான்கு ஓவர் போனால் போகிறது, ஸ்கோர் போர்டைப் பார்த்துக் கதையைப் பிடித்துக்கொள்ளலாம். கல்லூரிக் கூடைப்பந்தில் அது நடக்காது. இவர்கள் பலகாரத்தையெல்லாம் பந்தியின் ஆரம்பத்திலேயே பரிமாறிவிடுகிறார்கள். கான்சாஸ் பல்கலைக்கழகத்தின் ஆலன் ஃபீல்ட்ஹவுஸில் எதிரணியின் பெயர்களை ஒவ்வொன்றாக அறிவிக்கும்போது, மாணவர்கள் செய்தித்தாளை முகத்துக்கு நேரே விரித்து ஏதோ தலையங்கம் படிப்பதுபோல் உட்கார்ந்திருப்பார்கள். நீ யாராக இருந்தால் எனக்கென்ன என்று அர்த்தம். சொந்த அணி வரும்போது அதே தாளைச் சுக்குநூறாகக் கிழித்து மேலே வீசுவார்கள். பத்து நிமிடம் தாமதமாக வந்தவருக்குக் கிடைப்பது காலடியில் கிடக்கும் காகிதக் குப்பைதான். ஆர்கன்சாவில் ஜான் பிரவுன் பல்கலைக்கழகம் என்று ஒன்று. அங்கே சீசனின் முதல் சொந்த ஊர் ஆட்டத்தில், முதல் கூடை விழுந்ததும் அரங்கமே கழிவறைக் காகிதச் சுருள்களை மைதானத்துக்குள் எறியும். நடுவர் சொந்த அணிக்கே டெக்னிக்கல் ஃபவுல் கொடுப்பார். கொடுத்தால் கொடுக்கட்டும் என்று கல்லூரியும் விட்டுவிடுகிறது. இரண்டாவது கூடைக்கு வந்து சேருகிறவர் கையில் ஒரு சுருளோடு என்ன செய்வார்? பத்திரமாக வீட்டுக்கு எடுத்துப்போய் உரிய இடத்தில் மாட்டிக்கொள்ள வேண்டியதுதான்.

இந்தியானா மாநிலத்து அப்லண்டில் இருக்கிற டெய்லர் பல்கலைக்கழகத்தின் 'சைலன்ட் நைட்' இன்னும் ஒரு படி மேலே. டிசம்பர் பரீட்சை வாரத்துக்கு முந்தைய வெள்ளிக்கிழமை பைஜாமாவிலும் விதவிதமான வேஷத்திலும் மாணவர்கள் வந்து அரங்கத்தை நிரப்புவார்கள். ஆட்டம் தொடங்கும். ஒரு சத்தம் வராது. தங்கள் அணி பத்தாவது புள்ளியை எடுக்கிற வரை ஆயிரக்கணக்கான இளம்பிள்ளைகள் வாயைத் திறக்காமல் இருப்பார்கள். பந்து தரையில் படுவதும் ஷூ கிறீச்சிடுவதும் மட்டும் கேட்கும். பத்தாவது புள்ளி விழுந்த நொடியில் கூரை பறக்கும், கூட்டத்தில் பாதி மைதானத்துக்குள் இருக்கும். ஒன்பதாவது புள்ளியின்போது உள்ளே நுழைகிற மாமாவை நினைத்துப் பாருங்கள். யாரோ தவறிவிட்டார்கள்போல என்று தொப்பியைக் கழற்றுவார். அடுத்த கணம் பன்றி வேஷம் போட்ட ஒரு பையன் அவர்மேல் பாய்ந்து கட்டிப்பிடிப்பான். அவருக்கு நடந்ததற்கும் ஆட்டத்துக்கும் யாதொரு சம்பந்தமும் இல்லை.

இதெல்லாம் வேடிக்கை, ஆட்டம் என்று வந்தால் முதல் நிமிடத்தில் என்ன பெரிதாக நடந்துவிடும் என்று கேட்பவர்களுக்கு 2019 பிப்ரவரி 20ஆம் தேதியைப் பதிலாகச் சொல்வேன். டர்ஹமில் டியூக் பல்கலைக்கழகத்துக்கும் வட கரோலினா பல்கலைக்கழகத்துக்கும் ஆட்டம். டியூக்கின் ஸயான் வில்லியம்சனைப் பார்க்கவே மறுவிற்பனையில் ஆயிரக்கணக்கான டாலர் கொடுத்து ஆட்கள் வந்திருந்தார்கள். பராக் ஒபாமாவும் வந்திருந்தார். ஆட்டம் தொடங்கி ஒரு நிமிடம்கூட ஆகவில்லை, வில்லியம்சனின் கால் வழுக்கி ஷூ பிளந்து முழங்காலில் அடி. அவர் உள்ளே போனார், அன்று திரும்பவில்லை. வட கரோலினா 88–72 என்று ஜெயித்தது. பார்க்கிங்கில் இடம் தேடி இரண்டு சுற்றுக் கூடுதலாகச் சுற்றியவர், கொடுத்த காசுக்கு வில்லியம்சனைப் பார்க்கவே இல்லை. ஒபாமா பார்த்தார். முன்னாள் ஜனாதிபதியே நேரத்தோடு வந்து உட்கார்ந்திருக்கும்போது மற்றவர்களுக்கு என்ன வந்தது?

இனி மாணவர் பக்கம். டிக்கெட் வாங்கியவருக்குத் தாமதமாகப் போனால் அவமானம், அவ்வளவுதான். மாணவருக்கு நேரம்தான் டிக்கெட். டியூக்கின் கேமரன் இண்டோர் ஸ்டேடியம் 1940இல் திறந்தது; 9,314 பேர் கொள்ளும் சின்ன அரங்கம். மைதானத்தை ஒட்டிய கீழ் பெஞ்சுகள் இளங்கலை மாணவர்களுக்கு, அதுவும் இலவசம். இலவசம் என்றால் நமக்குத் தெரியும், விலை வேறு எங்கோ இருக்கிறது. வட கரோலினா வருகிற ஆட்டத்துக்காக மாணவர்கள் ஜனவரியிலேயே அரங்கத்துக்கு எதிரே புல்தரையில் கூடாரம் போட்டுவிடுவார்கள். 1986இல் தொடங்கிய வழக்கம் இது. அந்தப் புல்தரைக்கு அப்போதைய பயிற்சியாளர் மைக் ஷஷெஃப்ஸ்கியின் பெயரை வைத்து, வாய் வலிக்கிறது என்று கே-வில் என்று சுருக்கிக்கொண்டார்கள். கூடாரங்களில் கறுப்பு, நீலம், வெள்ளை என்று மூன்று தரம். கறுப்புதான் கடும் தவம்: ஒரு கூடாரத்துக்குப் பன்னிரண்டு பேர், பகலில் முறைவைத்துக் காவல், இரவில் பெரும்பாலானோர் அங்கேயே படுக்க வேண்டும். லைன் மானிட்டர் என்று மாணவர்களிலேயே ஒரு அதிகார வர்க்கம் உண்டு. பிப்ரவரிக் குளிரில் நடுராத்திரியில் ஒலிபெருக்கியோடு வந்து ஆள் எண்ணுவார்கள். ஒரு தடவை ஆள் குறைந்தால் எச்சரிக்கை, மறுபடி குறைந்தால் வரிசையின் கடைசி. கொடுங்குளிரோ மின்னலோ வந்தால் 'கிரேஸ்' அறிவிப்பார்கள். அப்போது அறைக்குப் போய்த் தூங்கலாம். இதிலே கறுப்புக் கூடாரத்துக்கு ஆள் அதிகமாகிப்போய், அணியைப் பற்றிப் பரீட்சை வைத்து வடிகட்டவும் ஆரம்பித்துவிட்டார்கள். குளிரில் படுப்பதற்கு நுழைவுத் தேர்வு! கோச்சிங் சென்டர்தான் இன்னும் யாரும் திறக்கவில்லை.

ஜேம்ஸ் நெய்ஸ்மித் 1891இல் இந்த ஆட்டத்தைக் கண்டுபிடித்தபோது 13 விதிகள் எழுதினார். தட்டச்சு செய்த இரண்டு தாள்தான். பந்து, ஆட்டக்காரர், நடுவர் எல்லாம் அதில் இருக்கிறது. பார்வையாளர் என்ற பிராணியைப் பற்றி ஒரு வரி இல்லை. வகுப்பு மாணவர்கள் பக்கத்துக்கு ஒன்பது பேராக ஆடிய ஆட்டத்துக்கு வாசலில் ஏது வரிசை? இன்று வரிசை விதிகளுக்கு முன்னால் அந்த 13 விதியும் துண்டுச் சீட்டு. நெய்ஸ்மித் பிறகு கான்சாஸுக்குப் போய் அங்கேயே பயிற்சியாளரானார். அந்தப் பல்கலைக்கழகத்தின் வரலாற்றில் ஜெயித்ததைவிட அதிகமாகத் தோற்ற ஒரே பயிற்சியாளர் ஆட்டத்தைக் கண்டுபிடித்த அவர்தான் என்பதை அங்கே பெருமையாகவே சொல்வார்கள். 2010இல் 43 லட்சம் டாலருக்கு ஏலம் போன அந்த இரண்டு தாளும் இப்போது ஆலன் ஃபீல்ட்ஹவுஸை ஒட்டிய கட்டடத்தில் கண்ணாடிக்குள் இருக்கின்றன. சீக்கிரம் போகச் சொல்வதற்கு இது எனக்கு உபரியாகக் கிடைத்த காரணம். கான்சாஸ் மாணவர்களின் முறை டியூக்கைவிடக் கொஞ்சம் மனிதத்தன்மை உடையது. குழுவாகப் பெயர் கொடுத்து, குலுக்கலில் முறை எண் வாங்கி, பகலெல்லாம் அரங்கத்துக்குள்ளேயே ஒருவராவது உட்கார்ந்திருக்க வேண்டும். திடீர் திடீரென்று பெயர் கூப்பிடுவார்கள். பதில் இல்லையென்றால் பெயரை அடித்துவிடுவார்கள். இரவில் வீட்டுக்குப் போகலாம். வீட்டுப்பாடம் நிறைய அந்த நடைகூடத்துத் தரையிலேயே முடிகிறது என்று கேள்வி.

இது சுத்தக் கிறுக்குத்தனம், படிக்க அனுப்பிய பிள்ளைகள் புல்தரையில் படுத்துக் கிடக்கலாமா என்ற ஆட்சேபம் நியாயமானதுதான். ஆனால் மாற்று என்ன என்று பார்க்க வேண்டும். இருக்கை குறைவாகவும் ஆசை அதிகமாகவும் இருக்கிற இடத்தில் பங்கிடுவதற்கு மூன்றே வழி: பணம், அதிர்ஷ்டம், காத்திருப்பு. திருப்பதியில் கட்டண தரிசனமும் தர்ம தரிசனமும் பக்கத்துப் பக்கத்தில் ஓடுவதைப் பார்த்த நமக்கு இதை விளக்க வேண்டியதில்லை. தர்ம தரிசனக் கூண்டில் பத்து மணி நேரம் நின்றவர் குலசேகரப்படிக்கு எதிரே வரும்போது போடுகிற "கோவிந்தா"வுக்கும், டிக்கெட்டில் வந்தவர் போடுகிற "கோவிந்தா"வுக்கும் சுருதியிலேயே வித்தியாசம் இருக்கும். கூடைப்பந்திலும் அப்படித்தான். டியூக்கிலிருந்து பத்து மைலில் சேப்பல் ஹில்லில் இருக்கிறது வட கரோலினாவின் டீன் ஸ்மித் சென்டர். 1986இல் திறந்தது, 21,750 பேர் உட்காரலாம், கேமரனைப்போல இரண்டு மடங்குக்கும் மேல். கட்ட நன்கொடை கொடுத்தவர்களுக்கு மைதானத்தை ஒட்டிய நல்ல இருக்கைகளில் பெரும்பங்கு போயிற்று. மாணவர்களுக்குக் குலுக்கல். நன்கொடையாளர்கள் சாப்பிட்டுவிட்டு மெதுவாக வருவார்கள், ஆட்டம் முடியும் முன்பே கார் எடுக்கப் போவார்கள். 1991இல் ஃபுளோரிடா ஸ்டேட் அணி அங்கே வந்து ஜெயித்தபோது, அதன் ஆட்டக்காரர் சாம் காசெல், இது சீஸும் ஒயினும் சாப்பிடுகிற கூட்டம் என்று சொல்லிவிட்டுப் போனார். முப்பது வருஷத்துக்கு மேல் ஆயிற்று, அந்தப் பெயர் இன்னும் முழுதாகக் கழுவப்படவில்லை. அணியில் குறை இல்லை, மைக்கேல் ஜோர்டனைக் கொடுத்த பல்கலைக்கழகம் அது. குறை யார் எப்போது வருகிறார்கள் என்பதில் இருந்தது. சத்தம் இருக்கைகளின் எண்ணிக்கையில் இல்லை. அதில் உட்கார்ந்திருப்பவர் அங்கே வந்து சேர என்ன பாடு பட்டார் என்பதில் இருக்கிறது.

காத்திருப்பும் சமத்துவம் இல்லை என்று இன்னொரு ஆட்சேபம் வரும். அதை என்னால் முழுக்கத் தள்ள முடியாது. பகுதிநேர வேலை பார்த்து ஃபீஸ் கட்டுகிற பையனுக்குக் கூடாரத்தில் ஆறு வாரம் செலவழிக்க ஏது நேரம்? ஆய்வகத்தில் எலிக்கு மருந்து கொடுத்துக்கொண்டிருக்கும் ஆராய்ச்சி மாணவி, எலியிடம் கிரேஸ் கேட்க முடியுமா? டியூக்கின் முதுநிலை மாணவர்களுக்கு இதற்காகவே பல ஆண்டுகளாக ஒரு தனி ஏற்பாடு இருந்துவந்திருக்கிறது. இலையுதிர்காலத்தில் ஒரு வார இறுதி. வெள்ளி இரவு தொடங்கி சுமார் 36 மணி நேரம் வெட்டவெளியில் முகாம். அடிக்கடி ஹாரன் அடிக்கும், ஓடிப்போய் வருகைப் பதிவு செய்ய வேண்டும், தவறவிட்டால் அவுட். இத்தனையும் தாங்கி ஞாயிறு காலை மிஞ்சுகிறவர்களுக்கு டிக்கெட் கொடுப்பார்களா என்றால், அதுதான் இல்லை. ஒரு குலுக்கலில் கலந்துகொள்ளும் தகுதி கிடைக்கும். குலுக்கலில் பெயர் வந்தால் சீசன் டிக்கெட்டைக் காசு கொடுத்து வாங்கும் உரிமை கிடைக்கும். காத்திருப்பு, அதிர்ஷ்டம், பணம் மூன்றையும் ஒரே ஆளிடம் வசூலிக்கிற இந்த முறையை வகுத்தவர் நம்மூரில் பிறந்திருந்தால் தாலுகா ஆபீஸில் எங்கேயோ போயிருப்பார். ஆனாலும் இதில் இறங்கிய முதுநிலை மாணவர்கள் வருஷா வருஷம் உற்சாகமாகவே இறங்கியிருக்கிறார்கள். ஹாரன் சத்தத்துக்கு நடுவில் எழுதிய ஆய்வுக் கட்டுரைகளின் தரம் பற்றி யாராவது ஆராய்ந்தால் நல்லது.

இதைவிடப் பலமான ஆட்சேபம், கூடைப்பந்தில் கடைசி இரண்டு நிமிடம் பார்த்தால் போதும் என்பது. பழுத்த ரசிகர்களே சொல்வார்கள். 40 நிமிட ஆட்டத்தில் 38 நிமிடம் முன்னும் பின்னும் ஓடிக் கடைசியில் சமமாகத்தான் வந்து நிற்கும். ஃபவுலும் டைம்-அவுட்டுமாக அந்த இரண்டு நிமிடமே கால் மணி நேரம் இழுக்கும். சாட்சியும் இருக்கிறது. 2017 பிப்ரவரி 13 அன்று ஆலன் ஃபீல்ட்ஹவுஸில் வெஸ்ட் வர்ஜீனியாவுக்கு எதிராக, மூன்று நிமிடத்துக்கும் குறைவாக இருந்தபோது 14 புள்ளி பின்தங்கியிருந்த கான்சாஸ், ஆட்டத்தைக் கூடுதல் நேரத்துக்குக் கொண்டுபோய் 84–80 என்று ஜெயித்தது. சரி, ஆனால் இந்தச் சாட்சி யாருக்கு எதிராகப் பேசுகிறது? சீக்கிரம் வருகிறவர்களுக்கு எதிராக இல்லை. சீக்கிரம் கிளம்புகிறவர்களுக்கு எதிராக. பார்க்கிங் நெரிசலுக்குப் பயந்து 14 புள்ளியில் எழுந்துபோனவர் காரில் ரேடியோவில் கேட்டிருப்பார். அதே நாளில்தான் அந்தக் கூட்டம் எழுப்பிய 130.4 டெசிபல் சத்தம் கின்னஸில் ஏறியது. அந்தச் சத்தத்தில் பெரும்பங்கு பகலெல்லாம் நடைகூடத்தில் காத்துக் கிடந்த தொண்டைகளுக்குச் சேர வேண்டும்.

டிவியில் இன்னும் தெளிவாகத் தெரியுமே என்பவர்களுக்குப் பதில் சொல்லப்போவதில்லை. தெரியும். அவர்கள் சோபாவிலேயே இருக்கட்டும், வரிசை கொஞ்சம் குறையும்.

மகனோ மகளோ அங்கே படிப்பதால், அல்லது ராலே பக்கத்தில் கேரியில் வீடு வாங்கி வேலை பார்ப்பதால், குளிர்காலத்தில் போய்ச் சேருகிற நம் பெற்றோர்கள் வாசலைப் பற்றித் தனியாகத் தெரிந்துகொள்ள வேண்டும். கேரியின் வேங்கடேஸ்வரர் கோயிலுக்குக் கொண்டுபோகிற பை இங்கே உதவாது. பெரும்பாலான அரங்கங்களில் உள்ளே இருப்பது வெளியே தெரிகிற பிளாஸ்டிக் பைக்குத்தான் அனுமதி; அதுவும் 12 அங்குலம், 6 அங்குலம், 12 அங்குலத்துக்குள். அல்லது ஒரு காலன் அளவு ஜிப் வைத்த உறை. மற்றபடி உள்ளங்கை அகலத்தில் ஒரு சின்னப் பர்ஸ். இந்த விதி எந்தப் பாதுகாப்பு நிபுணர் வகுத்ததோ, அம்மாக்களின் கைப்பை என்ற அமைப்பை அறியாதவர் வகுத்தது. மாத்திரை டப்பா, அமிர்தாஞ்சன், நான்காக மடித்த சால்வை, பழைய பில்கள், பஸ்ஸில் பசித்தால் தின்ன வைத்த முறுக்கு, அந்த முறுக்கைச் சுற்றிய பை, அதைச் சுற்றிய இன்னொரு பை, எல்லாம் ஊர் பார்க்கப் பகிரங்கமாகும். முறுக்கு எப்படியும் உள்ளே போகாது. காவலர் மரியாதையாகத்தான் சொல்வார்: காருக்குத் திரும்பக் கொண்டுபோய் வையுங்கள், இல்லை அந்தத் தொட்டியில் போடுங்கள். கார் முக்கால் மைல் தூரத்தில் இருக்கும். கிட்டத்து பார்க்கிங்கெல்லாம் நன்கொடையாளர்களுடையது. முறுக்கைத் தொட்டியில் போட மனசு வராமல், வரிசையை விட்டு விலகி நின்று நால்வரும் தின்று முடிப்பதற்குப் பத்து நிமிடம் ஒதுக்கியே நேரத்தைக் கணக்குப் போட வேண்டும்.

அடுத்தது போன். டிக்கெட் இப்போது காகிதம் இல்லை. திரையில் பார்கோடின்மேல் ஓரத்திலிருந்து ஓரத்துக்கு ஒரு கோடு ஓடிக்கொண்டே இருக்கும். அதைப் படம் பிடித்துக் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் போட்டால், அந்தப் படத்துக்கு அங்கே மதிப்பு இல்லை. நான்கு டிக்கெட்டும் மருமகன் போனில் இருக்கும், மருமகன் காரை நிறுத்தப் போயிருப்பார். வாசலில் ஆயிரக்கணக்கானவர்கள் ஒரே நேரத்தில் போனைத் திறப்பதால் இணையம் திணறும். வீட்டிலேயே டிக்கெட்டை வாலட்டில் இறக்கிவைத்து, ஆளுக்கு ஒன்றாக அனுப்பிவைத்து, சார்ஜும் ஏற்றிக்கொண்டு கிளம்புகிற குடும்பத்தை நான் மனதாரப் பாராட்டுவேன். மாப்பிள்ளை பார்க்க அது ஒரு நல்ல அளவுகோல் என்றும் தோன்றுகிறது. கோட்டு விஷயமும் இருக்கிறது. வெளியே உறைகிற குளிர். உள்ளே பெஞ்சில் தோளோடு தோள் இடித்துக்கொண்டு வியர்க்கும். கழற்றிய நான்கு கோட்டையும் மடியில் வைத்துக்கொண்டு கைதட்ட முடியாது. அதையும் முன்னால் போனவர்தான் காலுக்கடியில் திணிப்பார்.

ஆகவே 7.00 மணி ஆட்டத்துக்குப் பின்னாலிருந்து கணக்குப் போடுங்கள். ஆட்டக்காரர்கள் சட்டையின்மேல் சட்டை போட்டுப் பந்தெறிந்து பழகுவதிலிருந்து பார்க்க 6.15க்கு இருக்கையில் இருக்க வேண்டும். வாசலுக்கு அரை மணி, முறுக்குக்குப் பத்து நிமிடம், நடைக்கு இருபது, பார்க்கிங் தேட இருபது, "நான் வரவில்லை, நீங்கள் போய்வாருங்கள்" என்று கடைசி நேரத்தில் ஒருவர் சொல்லி அவரைச் சமாதானப்படுத்த ஒரு கால் மணி. பயண நேரத்தை இதன்மேல் ஏற்றினால் மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு அப்பா சட்டையை மாட்டியது எவ்வளவு சரி என்று தெரியும். அப்படியும் சில சமயம் கணக்கு பிசகும், அதற்கு யாரையும் குறை சொல்ல முடியாது. 2014 பிப்ரவரி 12 அன்று சேப்பல் ஹில்லில் நடக்க வேண்டிய ஆட்டத்துக்குப் பனிப்புயலில் வந்து சேர முடியாமல்போனது ரசிகர்கள் மட்டும் இல்லை, பத்து மைல் தள்ளி இருக்கிற டியூக் அணியே. ஆட்டத்தை 20ஆம் தேதிக்குத் தள்ளிவைத்தார்கள். அன்று டியூக் வந்து சேர்ந்தது, 74–66 என்று தோற்றுவிட்டுத் திரும்பியது.